பன்முலை எலி: பெயரும் நிலமும் பொழுதும்

ஐந்தாம் ஆண்டு வகுப்பில் ஒருநாள் விலங்குப் பெயர்களைப் பற்றிப் பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். சுண்டெலி, வெள்ளெலி, வயலெலி, பெருச்சாளி, மூஞ்சூறு என்று கரும்பலகையில் வரிசையாக எழுதி முடித்ததும் ஒரு மாணவன் எழுந்தான். "எல்லாமே எலிதானே ஐயா? ஒன்றுக்கு எதற்கு இத்தனை பெயர்?" என்று கேட்டான். வகுப்பு சிரித்தது. மூஞ்சூறு எலியே அன்று, அது பூச்சி தின்னும் வேறு குலத்தைச் சேர்ந்தது என்று மட்டும் சொல்லி அவனை அமரவைத்தேன். ஆனால் அவன் கேட்டது அதுவன்று. ஒத்த தோற்றமுடைய உயிர்களைப் பெயரிட்டுப் பிரித்தறிவதால் மனிதனுக்கு என்ன பயன் என்பதே அவன் கேள்வி. அதற்கு நான் அன்று விடை கூறவில்லை.

நேரான விடை ஒன்று ஆப்பிரிக்கப் புல்வெளியில் வாழும் ஒரு சிற்றெலியின் வரலாற்றில் இருக்கிறது. அவ்வெலியைச் சரியாகப் பெயரிட்டு அறியாத காலத்தில் உழவர் விளைச்சலை இழந்தனர். மருத்துவர் தவறான இடத்தில் நோயைத் தேடினர். அறிந்த பின்னரோ, எதை எங்கே எப்பொழுது செய்யவேண்டும் என்பது தெளிவாகத் தொடங்கியது. அவ்வரலாற்றை ஆசிரிய அன்பர்களுக்கும் வாசகர்களுக்கும் சுருக்கி உரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பெயர்க் காரணம்

இந்த எலிக்கு விலங்கு நூலார் வழங்கும் பெயர் மாஸ்டோமிஸ் நட்டாலென்சிஸ் என்பது. முன்சொல் கிரேக்கம்; முலையுடைய எலி என்று பொருள்படும். பின்சொல் நட்டால் என்னும் நிலத்தைச் சுட்டும். பொது வழக்கிலும் மேலைநாட்டார் இதனைப் பல முலைகளையுடைய எலி என்றே அழைக்கின்றனர். நாம் இதனைப் பன்முலை எலி எனலாம். பல் என்பதன் லகரம், மகரத்தின் முன் னகரமாகத் திரிந்து பன்முகம், பன்மொழி என வருவதுபோலப் பன்முலை என வந்தது.

பெயர் வெறும் அலங்காரமன்று. வீட்டெலிக்கு 5 அல்லது 6 இணை முலைக்காம்புகள் இருக்கும். அவையும் மார்பில் சில, அடிவயிற்றில் சில என இடைவெளிவிட்டு அமைந்திருக்கும். பன்முலை எலியின் பெண்ணுக்கோ 8 முதல் 12 இணைகள் உண்டு. அவை மார்பு முதல் தொடையிடுக்குவரை இடைவெளியின்றி இரு வரிசையாக ஓடும். இந்த ஓர் அடையாளம் நீங்கினால் கண்ணைக் கவரும் தன்மை எதுவும் இதனிடம் இல்லை. சாம்பல் கலந்த பழுப்பு நிறம், மென்மையான மயிர், உடலளவு நீண்ட வால். உடல் நீளம் வால் நீங்கலாக 10 முதல் 14 சென்டிமீட்டர். வளர்ந்த எலியின் எடை, கூடக்குறைய ஒரு கோழிமுட்டையின் எடை. சுண்டெலியினும் பெரியது, வீட்டெலியினும் சிறியது.

நட்டால் என்னும் பெயருக்கும் ஒரு வரலாறு உண்டு. போர்ச்சுக்கீசிய மாலுமி வாஸ்கோ ட காமா 1497ஆம் ஆண்டுக் கிறிஸ்துமஸ் காலத்தில் அக்கரையோரமாகச் சென்றமையால், கிறிஸ்து பிறப்பைக் குறிக்கும் அச்சொல்லையே அந்நிலத்துக்குச் சூட்டினார். அங்குள்ள துறைமுகமே இன்றைய டர்பன். அவ்விடத்து எலியை 1834ஆம் ஆண்டில் ஆண்ட்ரு ஸ்மித் என்னும் மருத்துவர் நூலில் விவரித்துப் பெயரிட்டார். அதற்கு 26 ஆண்டுகள் கழித்து, 1860ஆம் ஆண்டு நவம்பர் 16ஆம் நாள், சென்னையிலிருந்து புறப்பட்ட 'ட்ரூரோ' என்னும் கப்பல் அதே துறைமுகத்தில் ஒப்பந்தக் கூலிகளை இறக்கியது. கரும்புத் தோட்டங்களுக்குச் சென்ற அம்மக்களுள் தமிழர் பலர். ஆகவே நம்மவர் ஆப்பிரிக்க மண்ணில் கொத்திய வயல்களில் இவ்வெலியும் வாழ்ந்தது எனலாம்.

நிலம்

சகாராப் பாலைவனத்துக்குத் தெற்கே ஆப்பிரிக்காவின் பெரும்பரப்பு, இடையிடையே மரங்கள் நிற்கும் புல்வெளியாகும். இதனையே சவானா என்பர். மழைக்காலத்தில் புல் ஆளுயரம் எழும்பும். மழை நின்றால் மாதக்கணக்கில் ஈரம் இராது. புல் காய்ந்து, தீப்பற்றி, நிலம் கருகிக் கிடக்கும். முல்லையும் குறிஞ்சியும் வெம்மையால் தம் இயல்பு திரிந்து பாலையாகும் என்னும் நம் முன்னோர் கருத்தை மாணவர்க்கு விளக்க விரும்பும் ஆசிரியர்க்குச் சவானா ஒரு நல்ல சான்று. ஓராண்டுக்குள்ளேயே அந்நிலம் முல்லையாகவும் பாலையாகவும் மாறி மாறி நிற்கிறது.

அந்நிலத்தில்தான் பன்முலை எலி வளை தோண்டி வாழ்கிறது. பகலில் வளைக்குள் உறங்கி, இரவில் வெளிவரும். புல்விதை, தானியம், பூச்சி ஆகியவை இதன் உணவு. அடர்ந்த மழைக்காடு இதற்கு ஆகாது. மனிதன் காட்டை அழித்து வயலாக்கினால் அங்கே வந்துவிடும். தீயால் கருகிய நிலத்திலும், உழுது கைவிட்ட தரிசிலும் முதன்முதல் குடியேறும் உயிர்களுள் இதுவும் ஒன்று. வயலுக்கு அப்பால் குடிசையும் களஞ்சியமும் இருப்பின் அங்கும் நுழையும். காட்டெலி, வயலெலி, வீட்டெலி என்று நாம் மூன்றாகப் பிரித்துப் பேசுவதை இந்த ஓர் எலி தானே மூன்றுமாகி நின்று குழப்புகிறது. இதன் வரலாற்றில் எழுந்த சிக்கல்களுக்கெல்லாம் இதுவே வேர்.

பெருக்கக் கணக்கு

பெண் எலி கருவுற்ற 23 நாட்களில் குட்டி ஈனும். ஓர் ஈற்றில் 10 குட்டிகள் இயல்பு. 20 வரை ஈன்றதும் உண்டு. அத்தனை குட்டிகளுக்கும் பாலூட்டவே அத்தனை முலைகள். ஈன்ற சில நாட்களுக்குள் மீண்டும் கருவுறவும் வல்லது.

இதனைக் கணக்குப் பாடமாகவும் நடத்தலாம். ஓர் இணை எலி 10 குட்டிகள் ஈன்று, அவற்றுள் பாதி பெண் என்று கொள்வோம். பெற்றோரோடு சேர்த்து 12. அஃதாவது 6 இணைகள். அவை யாவும் ஒருமுறை ஈன்றால் 72. மறுமுறை 432. அதற்கடுத்து 2,592. இயற்கையில் இப்படி நடப்பதில்லை. ஆந்தையும் பாம்பும் கீரியும் பசியும் எலியை வெட்டிக்கொண்டே இருக்கின்றன. ஆப்பிரிக்காவில் கூகை உமிழ்ந்த உருண்டைகளைப் பிரித்து ஆராய்ந்தோர், அவற்றில் பல இடங்களில் இவ்வெலியின் எலும்புகளையே மிகுதியாகக் கண்டனர். ஓராண்டு நிறைவுவரை வாழும் பன்முலை எலிகள் மிகச் சிலவே. விரைந்து மடிவதும் விரைந்து பெருகுவதுமே இதன் வாழ்க்கை முறை.

இன்னொரு குணமும் இங்குக் கருதத்தக்கது. எலி வகைகளுள் சில தமக்கென ஓர் எல்லை வகுத்து, அயல் எலியை உள்ளே விடாமல் சண்டையிடும். பன்முலை எலிக்கு அவ்வழக்கம் இல்லை. பலவற்றின் நடமாட்டப் பரப்புகள் ஒன்றன்மேல் ஒன்று படிந்திருக்கும். ஆதலால் உணவு உள்ளவரை நெருக்கம் இதற்குத் தடையன்று.

பொழுது

நம் நாட்டு எண்ணெய்ப்பனைத் தோட்டங்களில் ஆண்டு முழுவதும் பழம் உண்டு. ஆகவே எலியும் ஆண்டு முழுவதும் ஈனும். சவானாவிலோ உணவு மழையின் கையில் இருக்கிறது. எனவே எலியின் இனப்பெருக்கமும் மழையின் கையிலேயே இருக்கிறது.

தான்சானியாவின் கிழக்குப் பகுதியில் மொரோகோரோ என்னும் நகரம் உளது. அங்குள்ள சொக்கொயினே வேளாண்மைப் பல்கலைக்கழகத்தாரும் பெல்ஜிய ஆராய்ச்சியாளரும் 1980-களிலிருந்து இவ்வெலியைப் பிடித்து, அடையாளமிட்டு, விடுத்து, மீண்டும் பிடித்துக் கணக்கெடுத்து வந்தனர். அந்நாட்டில் மழைக்காலம் இரண்டு. ஆண்டின் கடைசி மாதங்களில் பெய்வது குறுமழை; சுவாஹிலி மொழியில் 'வூலி' என்பர். மார்ச்சு முதல் மே வரை பெய்வது பெருமழை, 'மசிக்கா' என்பர். பெருமழையால் புல்லும் விதையும் பெருகிய பின்னரே எலிகள் ஈனத் தொடங்கும். அப்பருவத்தில் பிறந்த குட்டிகள் பெரும்பாலும் அவ்வாண்டு ஈனாமல், அடுத்த மழைவரை காத்திருக்கும். அதற்குள் பல மடிந்துபோகும். ஆகவே எண்ணிக்கை ஏறியிறங்கி ஓரளவில் நிற்கும்.

ஆனால் குறுமழை வழக்கத்துக்கு மாறாக மிகுதியாகப் பெய்யும் ஆண்டுகளும் உண்டு. அப்பொழுது புல் முன்னதாகவே துளிர்க்கும். காத்திருக்கவேண்டிய இளம்பெண் எலிகள் உடனே பருவமடைந்து, பெருமழைக்கு முன்பே ஒருமுறை ஈன்றுவிடும். அக்குட்டிகள் வழக்கமான பருவத்தில் தாமும் ஈனும். ஒரு தலைமுறை கூடுதலாகப் புகுந்துவிடுகிறது. மேலே கண்ட கணக்கில் 72 என்பது 432 ஆவது இவ்வாறே. எண்ணிக்கை குறைந்த காலத்தில் ஒரு ஹெக்டேர் நிலத்தில் சில பத்து எலிகளே இருந்த இடத்தில், பெருக்கக் காலத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை திரிந்தன.

அப்பொழுது உழவனின் நிலை யாது? மக்காச்சோளம் விதைத்த அன்றிரவே எலி வந்து, வரிசை பிடித்து மண்ணைக் கிளறி விதையைத் தின்றுவிடும். எஞ்சி முளைத்ததையும் கடித்துவிடும். உழவன் மீண்டும் விதைக்கவேண்டும். அதற்குள் மழை கடந்துவிடும். தான்சானியாவில் எலிகளால் ஆண்டுதோறும் மக்காச்சோள விளைச்சலில் 5 முதல் 15 விழுக்காடு அழிகிறது என்று மதிப்பிடப்பட்டிருக்கிறது. இது நாடு முழுமைக்குமான சராசரி. பெருக்கம் நிகழ்ந்த வட்டாரத்தில் ஓர் ஏழைக் குடும்பத்தின் வயல் முழுவதும் போயிருக்கலாம்.

ஹெர்விக் லெயர்ஸும் அவருடன் உழைத்தோரும் 1997ஆம் ஆண்டில் 'நேச்சர்' ஆராய்ச்சி இதழில் ஒரு கட்டுரை வெளியிட்டனர். மழையும் எலிகளின் நெருக்கமும் சேர்ந்தே அவற்றின் பிழைப்பையும் பருவமடைதலையும் அறுதியிடுகின்றன என்பதை அதில் காட்டினர். இதன் நடைமுறைப் பயன் பெரிது. எலி பெருகிய பின் நஞ்சு வைப்பது, வெள்ளம் வந்த பின் அணை கட்டுவது போன்றது. குறுமழையின் அளவைப் பார்த்தே வரும் ஆபத்தை முன்னறிந்து, விதைப்புக்கு முன்பே ஊர் கூடிச் செயற்பட்டால் சிறு முயற்சியும் பலன் தரும். எலியை அறிய வானத்தைப் பார்க்கவேண்டும் என்பதே மொரோகோரோ கற்பித்த பாடம்.

ஒரு பெயருக்குள் இரண்டு உயிர்

இனிப் பெயரின் சிக்கலுக்கு வருவோம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கப்பல்வழியே தென்னாப்பிரிக்காவை அடைந்த பிளேக் நோய், பின்னர் உள்நாட்டுப் புல்வெளிகளில் பரவியது. அங்கு ஜெர்பில் என்னும் மணலெலிகளிடையே அது நிலைபெற்றது. ஆனால் மணலெலி வீட்டுக்குள் வருவதில்லை. அப்படியானால் நோயைச் சுமந்த தெள்ளுப்பூச்சி மனிதனை அடைந்தது எவ்வாறு? வயலிலும் வீட்டிலும் ஒருங்கே திரியும் பன்முலை எலியே இடையில் நின்ற பாலம் என்று ஆராய்ச்சியாளர் கண்டனர். எனவே இவ்வெலியைக் கூண்டில் வளர்த்து ஆராயத் தொடங்கினர். கூண்டிலும் அது நன்கு பெருகியது. இதன் இரைப்பையில் புற்றுநோய் தானாகவே தோன்றுவதை 1957ஆம் ஆண்டில் ஓட்லே என்பவர் வெளியிட்ட பின், புற்றுநோய் ஆராய்ச்சியிலும் இவ்வெலி புகழ்பெற்றது.

இவ்வளவு பழகிய எலியிலும் ஒரு புதிர் எஞ்சி நின்றது. 1970-களில் ஆராய்ச்சியாளர், உயிரணுவுக்குள் இருக்கும் குரோமோசோம் என்னும் இழைகளை எண்ணிப் பார்த்தனர். சில எலிகளுக்கு 32, சிலவற்றுக்கு 36. நிறம், மயிர், வால், முலை என எதனாலும் வேறுபடுத்த இயலாத இவ்விரண்டும் ஒன்றோடொன்று கலந்து இனம்பெருக்காத வெவ்வேறு இனங்கள் எனத் தெளிந்தது. 32 உடையதற்கே நட்டாலென்சிஸ் என்னும் பழைய பெயர் நின்றது. 36 உடையதற்கு மாஸ்டோமிஸ் கௌச்சா என்னும் பெயர் உரியதாயிற்று. ஆராய்ச்சிக் கூடத்தில் நட்டாலென்சிஸ் என்னும் பெயரில் பல்லாண்டு வளர்க்கப்பட்ட எலி உண்மையில் கௌச்சாவே என்பதும் வெளிப்பட்டது!

எண்ணிக்கை வேறுபாட்டால் என்ன என்று கேட்கலாம். 1983ஆம் ஆண்டில் வெளியான ஆராய்ச்சி அதற்கு விடை தந்தது. கௌச்சா பிளேக்கால் எளிதில் தாக்குண்டு மடிகிறது. நட்டாலென்சிஸோ அந்நோயைப் பெரிதும் தாங்கி நிற்கிறது. தாக்குண்டு மடியும் எலியிலிருந்துதான் பசித்த தெள்ளுப்பூச்சிகள் வெளியேறி வேறு உடலைத் தேடும். தென்னாப்பிரிக்காவில் மனிதருக்குப் பிளேக் கண்ட இடங்கள் உள்நாட்டு மேட்டுநிலத்துக் கௌச்சாவின் இடங்களோடு ஒத்திருந்தன. ஒரே பெயரால் இரண்டையும் அழைத்தவரை, ஏன் ஓரிடத்தில் நோய் வருகிறது, ஏன் மற்றோரிடத்தில் வரவில்லை என்பது விளங்கவில்லை. பெயர் பிரிந்தது, பொருளும் விளங்கியது.

லாஸாக் காய்ச்சல்

பிளேக்கைத் தாங்கிய நட்டாலென்சிஸ் குற்றமற்றதா? அன்று. அது சுமப்பது வேறு நோய்.

1969ஆம் ஆண்டு சனவரியில் நைஜீரியாவின் வடகிழக்கில் உள்ள லாஸா என்னும் ஊரின் மிஷன் மருத்துவமனையில் லாரா வைன் என்னும் செவிலியர் அறியாத காய்ச்சலால் நோயுற்றார். ஜோஸ் நகர மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்ட அவர் அங்கே உயிர்நீத்தார். அவரைக் கவனித்த சார்லட் ஷா என்னும் செவிலியரும் அதே நோயால் மாண்டார். மூன்றாவதாக நோயுற்ற பென்னி பின்னியோ என்னும் செவிலியர் நியூயார்க்குக்கு விமானத்தில் அனுப்பப்பட்டுப் பிழைத்தார். யேல் பல்கலைக்கழகத்தில் அவருடைய குருதியிலிருந்து புதிய வைரஸ் ஒன்று பிரித்தெடுக்கப்பட்டது. அதனை ஆராய்ந்த ஜோர்டி காசல்ஸ் என்னும் அறிஞரையும் நோய் பற்றியது. பிழைத்த பின்னியோவின் குருதிநீரைச் செலுத்தி அவரைக் காத்தனர். அதே ஆண்டின் இறுதியில் அங்குப் பணியாற்றிய உதவியாளர் ஒருவர் இந்நோயால் இறந்தார். ஊரின் பெயரே நோயின் பெயராக நிலைத்தது.

இவ்வைரஸ் எங்கிருந்து வந்தது? 1972ஆம் ஆண்டில் சியரா லியோனில் நோய் பரவியபொழுது, ஆராய்ச்சியாளர் நோயுற்றோரின் வீடுகளிலும் சுற்றிலும் விலங்குகளைப் பிடித்துச் சோதித்தனர். பன்முலை எலியில் வைரஸ் கிடைத்தது. முடிவு 1974ஆம் ஆண்டில் வெளியாயிற்று. எலி நோயுறுவதில்லை. அதன் சிறுநீரிலும் எச்சத்திலும் வைரஸ் வெளிப்படும். அவை பட்ட உணவை உண்பதாலும், பாத்திரத்தைப் புழங்குவதாலும், எலியைப் பிடித்து அறுத்துச் சமைப்பதாலும் மனிதனைத் தொற்றும். வெளியில் உணவு அருகும் வறண்ட மாதங்களில் எலி வீடுகளில் திரளும் என்பதும் நினைவிற் கொள்ளத்தக்கது.

நோய் தொற்றியோரில் 10க்கு 8 பேர்க்கு அறிகுறி இராது அல்லது இலேசான காய்ச்சலோடு போய்விடும். எஞ்சியோர்க்கோ அது கொடிது. மேற்கு ஆப்பிரிக்காவில் ஆண்டுதோறும் 1 இலட்சம் முதல் 3 இலட்சம் பேர் தொற்றுக்குள்ளாவதாகவும், ஏறத்தாழ 5,000 பேர் மடிவதாகவும் நெடுங்காலமாக வழங்கும் தோராய மதிப்பீடு கூறுகிறது. மருத்துவமனையில் கவனிக்கப்பட்ட நோயாளரில் ஏறத்தாழ மூவரில் ஒருவர்க்குச் செவித்திறன் குறைந்தது. உயிர்பிழைத்து வகுப்பறைக்குத் திரும்பும் ஒரு பிள்ளைக்கு ஆசிரியரின் குரல் கேட்காமற்போவது எத்தகைய இழப்பென்பதை நம்மினும் அறிந்தவர் யார்?

மேற்கு ஆப்பிரிக்காவிலும் பெயர்ச் சிக்கல் விடவில்லை. அங்கும் ஒத்த தோற்றமுடைய பன்முலை எலியினங்கள் பல உள்ளன. அவற்றுள் வைரஸைச் சுமப்பது எது? கினி நாட்டின் 13 ஊர்களில் பிடித்த 1,482 எலிகளைச் சோதித்து, 2006ஆம் ஆண்டில் ஒரு குழுவினர் விடை கூறினர். வைரஸ் இருந்தவை 96 எலிகள். அந்த 96-உம் நட்டாலென்சிஸே. பிற்காலத்தில் வேறு சில எலியினங்களிலும் வைரஸ் காணப்பட்டது உண்மை. ஆயினும் முதன்மைச் சுமைதாங்கி இதுவே.

இதே நட்டாலென்சிஸ் தான்சானியாவிலும் மொசாம்பிக்கிலும் பெருகி வாழ்கிறது. அங்கே லாஸாக் காய்ச்சல் ஏன் இல்லை? அங்குள்ள எலிகளில் மொபெயா, மொரோகோரோ என்னும் உறவு வைரஸ்கள் கண்டறியப்பட்டன. அவை மனிதர்க்கு நோய் தருவதாக அறியப்படவில்லை. இந்த ஓர் இனத்துக்குள்ளும் தொல்வழியால் பிரிந்த கிளைகள் பல உள்ளன. தான்சானியாவில் இரண்டு கிளைகள் அடுத்தடுத்து வாழும் எல்லையில் ஆராய்ந்தோர், ஒரு கிளையின் வைரஸ் மறுகிளைக்குள் பரவாமல் எல்லையிலேயே நின்றுவிடுவதை 2017ஆம் ஆண்டில் அறிவித்தனர். ஆகவே இனத்தின் பெயர் அறிந்தால் மட்டும் போதாது; எந்த நிலத்துக் கிளை என்பதும் அறியவேண்டும்.

அழிப்பதா, அடக்குவதா?

எலி தீயதெனின் அடியோடு அழித்தாலென்ன என்று தோன்றும். கினியின் சில ஊர்களில் நான்காண்டு ஆண்டுதோறும் நஞ்சு வைத்துப் பார்த்தனர். வைத்தவுடன் எலி குறைந்தது. நிறுத்தியபின் மீண்டும் பெருகியது. காரணம் மேலே கூறிய இயல்புகளே. எஞ்சியவற்றுக்கு உணவு மிகுதி; எல்லைச் சண்டை இல்லாமையால் அயல் எலிகள் தடையின்றி வந்து நிரப்பும்; பத்துப் பத்தாக ஈனும். நோயை ஒருமுறை கண்டு தேறிய முதிய எலிகள் மடிந்து, அதனைக் காணாத இளங்குட்டிகள் பெருகினால், வைரஸுக்குப் புதிய உடல்கள் கிடைக்கவும் கூடும்.

எனவே அறிஞர் கூறும் வழி எளியது, ஆனால் இடைவிடாதது. தானியத்தையும் சமைத்த உணவையும் மூடியிட்ட கலங்களில் வைத்தல், குப்பையை வீட்டுக்கு எட்டத்தில் சேர்த்தல், சுவரின் பொந்துகளை அடைத்தல், எலியை உணவாகக் கொள்ளாதிருத்தல், எலி குறைந்திருக்கும் பருவம் பார்த்து ஊரார் ஒருமித்து நடவடிக்கை எடுத்தல், மருத்துவமனையில் செவிலியர் கையுறையும் காப்புடையும் அணிதல் ஆகியவையே அவை. தகரப் பெட்டி ஒன்று வாங்க வசதியற்ற குடிசையில் இதுவும் எளிதன்று என்பதை மறக்கலாகாது. எலியின் நோய் பெரும்பாலும் வறியோரின் நோயாகவே இருக்கிறது.

மாணவனுக்கு விடை

நிலமும் பொழுதும் முதற்பொருள்; அவற்றிற் பிறக்கும் விலங்கும் மரமும் கருப்பொருள் என்று நாம் மாணவர்க்குக் கற்பிக்கிறோம். செய்யுளுக்கு மட்டும் உரிய பாடமாகவே பெரும்பாலும் அதனை நடத்துகிறோம். பன்முலை எலியின் வரலாறு அப்பாடத்தை வயலிலும் மருத்துவமனையிலும் மெய்ப்பிக்கிறது. அதன் பெயர் யாது, எந்நிலத்தது, எப்பொழுதில் பெருகுவது என்னும் மூன்றையும் அறிந்தவர்க்கே அது கட்டுப்பட்டது.

இவற்றையெல்லாம் சுருக்கி அம்மாணவனிடம் கூறினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "அப்படியென்றால் நம் தோட்டத்து எலிக்கு என்ன பெயர் ஐயா?" என்றான்.

நல்ல கேள்வி. நம் எண்ணெய்ப்பனைத் தோட்டங்களில் திரிவதும் ஓர் எலியன்று. மலாய்க்காரர் திக்குஸ் பெலுக்கார், திக்குஸ் சாவா, திக்குஸ் ரூமா என்று புதரையும் வயலையும் வீட்டையும் வைத்து அவற்றைப் பிரித்தழைக்கின்றனர். நாம் எல்லாவற்றையும் எலி என்றே சொல்லி அடிக்க ஓடுகிறோம். எலியின் சிறுநீரால் பரவும் காய்ச்சல் நம் நாட்டிலும் உயிர்களைக் கொண்டுபோகிறது. புதரெலி, வயலெலி, வீட்டெலி என்று நாமும் பிரித்து வழங்கினால் என்ன? அம்மூன்று பெயர்களையும் கரும்பலகையில் எழுதி, எது எங்கே எப்பொழுது காணப்படுகிறது என்று பெற்றோரிடம் கேட்டு வருமாறு வகுப்பு முழுமைக்கும் வீட்டுப்பாடம் தந்திருக்கிறேன்.